குளியலறையில் பாதி மீன்

பூட்டுக்காரர் நல்ல மனிதர். இந்தக் கதையில் அவர் பட்ட பாடு அத்தனைக்கும் அது ஒன்றுதான் காரணம்.

பூட்டு விற்பது, சாவி வெட்டிக் கொடுப்பது, சாவியைத் தொலைத்துவிட்டு வாசலில் நிற்பவர்களுக்குக் கதவைத் திறந்துவிடுவது, இதுதான் அவர் தொழில். செருப்புக் கடைக்கும் கண்ணாடிக் கடைக்கும் நடுவில், ஆள் பக்கவாட்டில் நுழைகிற அகலத்தில் கடை. அவர் கை பட்டுத் திறக்காத பூட்டு ஊரில் கிடையாது. அதனாலேயே ஒரு விதி வைத்திருந்தார். கதவு யாருடையதோ அவர் வந்து பக்கத்தில் நின்று "திறங்க" என்று வாயால் சொல்ல வேண்டும். சொன்னால்தான் பையிலிருந்து கருவி வெளியே வரும். கேட்காமல் தொட்டால் அதற்குப் பெயர் தொழில் இல்லை, திருட்டு என்பார்.

இது நல்ல விதிதான். ஆனால் இதனோடு ஒட்டிக்கொண்டு இன்னொரு குணமும் வளர்ந்துவிட்டது. முத்திரை, சீருடை, சிவப்பு மை எதைக் கண்டாலும் அவர் முதுகு தானாக வளையும். கல்யாணமான புதிதில் அவர் மனைவிக்கு அந்த வளைவு பணிவாகத் தெரிந்தது. இப்போதெல்லாம் அவள் அதற்கு வேறு பெயர் சொல்கிறாள்.

குளியலறையில் தண்ணீர் இறங்காமல் தேங்கியது. குழாய்க்காரரைக் கூப்பிட்டார்கள். அவர் கம்பி விட்டுக் குத்திப் பார்த்தார், குனிந்து காது வைத்துக் கேட்டார், கடைசியில் தரையை உடைத்தார். ஓடுகளுக்கு அடியில் குழாயை மறித்துக்கொண்டு தட்டையாக ஒரு கல் கிடந்தது. கல்லில் மீன் செதுக்கியிருந்தது. முழு மீன் இல்லை. வாலும் பாதி உடம்பும்தான். தலை வர வேண்டிய இடத்தில் கல் உடைந்திருந்தது.

குழாய்க்காரர் உலகம் தெரிந்தவர். எழுந்து போய்க் குளியலறைக் கதவைச் சாத்திவிட்டு வந்து, குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"அண்ணே, நான் எதையும் பாக்கல. நீங்களும் பாக்கல. கல்லைத் தூக்கி ஓரமா வச்சுட்டுப் புதுக் குழாயைப் போட்டு, சாயங்காலத்துக்குள்ள பூசிக் குடுத்துடறேன். காலைல அண்ணி நிம்மதியா குளிக்கட்டும்."

"பழைய கல்லு மாதிரி இருக்கேப்பா. பழசு எது கிடைச்சாலும் தொல்பொருள் துறைக்குச் சொல்லணும். சட்டம் இருக்கு."

"சட்டம் இருக்கட்டும்ணே. வீட்ல குளியலறையும் இருக்கணும்ல?"

அடுப்படியிலிருந்து மனைவி குரல் கொடுத்தாள். "அவர் சொல்றதைக் கேளுங்க. என்னிக்காவது ஒரு நாள் யார் சொல்றதையாவது கேளுங்க."

பூட்டுக்காரர் சலவைச் சட்டையை மாட்டிக்கொண்டு துறை அலுவலகத்துக்குக் கிளம்பினார். குழாய்க்காரர் கருவிகளைத் துடைத்துப் பையில் போட்டுக்கொண்டு, துக்க வீட்டில் விடைபெறுகிற முகத்தோடு போய்விட்டார்.

அலுவலகத்தில் அவரைத் தாழ்வாரத்தில் உட்காரச் சொன்னார்கள். அங்கே ஊழியர்கள் தண்ணீர் குடிக்கிற குழாய் இருந்தது. குழாய்க்குக் கீழே டம்ளர் வைப்பதற்கு ஒரு கல் போட்டிருந்தார்கள். அந்தக் கல்லில் ஒரு மீனின் தலை, வாயைத் திறந்துகொண்டு, ஒரு கண்ணோடு. கண்ணின் மேல் டீக்கறை படிந்திருந்தது. பூட்டுக்காரருக்கு அந்த மீனை எங்கேயோ பார்த்த மாதிரி இருந்தது. ஆனால் அவர் பார்த்திருந்தது வாலை மட்டும் என்பதால் சட்டென்று பிடிபடவில்லை. தண்ணீர் குடித்துவிட்டு டம்ளரை மீனின் நெற்றியிலேயே வைத்தார்.

அந்தத் துறையில் ஆதித் திருச்சபை ஆய்வுப் பிரிவு என்று ஒன்று இருந்தது. முதல் சில நூற்றாண்டுகளில் கிறிஸ்தவர்கள் கோயில் கட்ட வழியில்லாமல் வீடுகளில் ரகசியமாகக் கூடி ஜெபம் செய்தார்களே, அப்படிப்பட்ட வீடுகளைத் தேடிக் கண்டுபிடிப்பது அதன் வேலை. தேடுவதைப் பிரிவு ஒழுங்காகச் செய்துவந்தது. கண்டுபிடிப்பதுதான் இன்னும் ஆரம்பிக்கவில்லை. இப்படியே போனால் இந்தப் பிரிவை நாணயப் பிரிவோடு சேர்த்துவிடுவார்கள் என்று பேச்சு அடிபட்டது. நாணயப் பிரிவின் தலைவருக்கு ஜன்னல் உள்ள அறை. ஆதித் திருச்சபைப் பிரிவின் இயக்குநருக்கு ஜன்னல் கிடையாது. அந்த மனிதருக்கு ராத்திரித் தூக்கம் போய் வெகு நாளாகியிருந்தது.

"மீனா?" என்று இயக்குநர் நாற்காலியை விட்டு எழுந்தார்.

"ஆமாங்க. வால் மட்டும்."

"தலை?"

"இல்லைங்க. உடைஞ்சு..."

"வெட்டியிருக்காங்க!" இயக்குநரின் குரல் தழுதழுத்தது. "ஆதிக் கிறிஸ்தவங்களோட அடையாளமே மீன்தான். அதோட தலையை வெட்டியிருக்காங்கன்னா எவ்வளவு பெரிய அடக்குமுறை நடந்திருக்கணும்! நீங்க எந்த அறைன்னு சொன்னீங்க?"

"குளியலறைங்க."

"தண்ணீர்!" என்று இயக்குநர் கண்ணை மூடிக்கொண்டார். "ஞானஸ்நானம்."

அன்று மாலையே துறை வந்து இறங்கியது. இயக்குநர், இடத்தைப் படமாக வரைகிற ஒரு இளம்பெண், சீருடை போட்ட ஒரு காவலாளி, அப்புறம் சுருள் சுருளாக மஞ்சள் கயிறு. குளியலறையின் அகலத்துக்கு அவர்களில் ஒருவர்தான் உள்ளே நிற்க முடியும். அதனால் இயக்குநர் உள்ளே நின்று பேச, மற்றவர்கள் நடையில் வரிசையாக நின்று கேட்டார்கள்.

"இங்க ஒரு படி இருக்கே, கவனிச்சீங்களா? விசுவாசி இதுல இறங்கித் தண்ணிக்குள்ள போறான். புது மனுஷனா ஏறி வர்றான். எவ்வளவு சின்னப் படி, எவ்வளவு பெரிய தத்துவம்!"

பூட்டுக்காரர் நடையிலிருந்து கையைத் தூக்கினார். "சார், அது எங்கப்பா கட்டினதுங்க. தண்ணி ஹாலுக்குள்ள வராம இருக்கறதுக்காக."

"எழுதிக்கோம்மா," என்றார் இயக்குநர் வரைகிற பெண்ணிடம். "இந்த வீட்டு மக்கள் வழிவழியா ஒரு தந்தையைப் பத்திப் பேசறாங்க."

அப்புறம் பொருட்களுக்கு எண் ஒட்ட ஆரம்பித்தார்கள். வாளி, குவளை, தேய்ந்த சோப்பு, தேய்க்கிற கல், மனைவியின் துண்டு. எதையும் நகர்த்தக் கூடாது, நகர்த்தினால் சூழல் கெட்டுவிடும் என்றார் இயக்குநர். மனைவி தன் துண்டைக் கேட்டாள். கிடைக்காது என்றார்கள். காவலாளி அவளைச் சுட்டிக்காட்டி, "இவங்களை என்னன்னு போடறது சார்?" என்று கேட்டான்.

"பிற்காலக் குடியிருப்பாளர்னு போடு."

"யாரு பிற்காலம்?" மனைவி இடுப்பில் கை வைத்துக்கொண்டாள். "நான் இந்த வீட்டுக்கு மருமகளா வந்தப்ப உங்க இயக்குநருக்கு மீசை முளைச்சிருக்காது. அந்தத் துண்டு போன வாரம் வாங்கினது. அதை விட நான் பிற்காலமா?"

"அம்மா, தப்பா நினைக்காதீங்க," என்றார் இயக்குநர் பரிவோடு. "மூணாம் நூற்றாண்டைப் பொறுத்தவரைக்கும் நாம எல்லாருமே பிற்காலந்தான்."

கடைசியில் கதவைப் பூட்ட வேண்டும் என்றார்கள். துறையிடம் பூட்டு இல்லை. காவலாளி விசாரித்துக்கொண்டு பூட்டுக்காரரின் கடைக்கே போனான். பூட்டுக்காரரும் பின்னாலேயே ஓடிப் போய்க் கடையைத் திறந்து, இருப்பதிலேயே உறுதியான பூட்டை எடுத்துக் கொடுத்தார். சாவி இல்லாமலே அழுத்தினால் பூட்டிக்கொள்ளும் ரகம். திறக்கத்தான் சாவி வேண்டும். துறை ஆட்களுக்குப் பூட்டை மாட்டுகிற கொண்டியைச் சரியாக அடிக்கத் தெரியவில்லை என்பதால் அதையும் அவரே அடித்துக் கொடுத்தார். இரண்டு சாவியையும் ஒரே வளையத்தில் கோத்து, துறைச் சின்னம் பொறித்த பித்தளை வில்லையை மாட்டி, இயக்குநர் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார்.

அவர்கள் போனதும் மனைவி கேட்டாள். "ரெண்டு சாவியையுமா குடுத்தீங்க?"

"பூட்டோட வர்றதே ரெண்டு. ஒண்ணை நான் வச்சுக்கிட்டா அது தப்பில்லையா?"

மனைவி ஒரு வாரம் பக்கத்து வீட்டில் போய்க் குளித்தாள். பக்கத்து வீட்டுக்காரரும் முகம் சுளிக்காமல்தான் இருந்தார். ஆனால் ஒரு நாள் இயக்குநர் அவர் வீட்டுச் சுவரையும் தட்டிப் பார்த்துவிட்டு, "இங்க ஒண்ணுமே கிடைக்கல. அதான் எனக்குச் சந்தேகமா இருக்கு" என்று சொல்லிவிட்டுப் போனார். அன்றிலிருந்து பக்கத்து வீட்டுக் கதவு சாத்தியே இருந்தது.

மனைவி பையில் நாலு புடவையை அடுக்கினாள். "நான் என் தங்கச்சி வீட்டுக்குப் போறேன். ஊர்ப் பூட்டெல்லாம் திறக்கறீங்க. சொந்தக் குளியலறைப் பூட்டைத் தொட உங்களுக்குக் கை நடுங்குது. நம்ம குளியலறைல, நம்ம வாளில, நான் என்னிக்குக் குளிக்கறனோ அன்னிக்குத்தான் இந்த வீட்ல கால் வைப்பேன்."

சொன்னால் சொன்னதுதான், அவள் ரகம் அப்படி. பூட்டுக்காரருக்கு அது நன்றாகத் தெரியும்.

அதன் பிறகு வீட்டில் அவரும் காவலாளியும்தான். காவலாளி ஹாலில், மனைவி காய் நறுக்க உட்காருகிற நாற்காலியில் உட்கார்ந்துகொண்டான். காலையில் பூட்டுக்காரர் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு பஸ் நிலையத்துப் பொதுக் குளியலறைக்குப் போய் வரிசையில் நிற்பார். கடையில் சாவி வெட்டினால் பல் தப்பாக விழுந்தது. சாயங்காலமானால் மைத்துனி வீட்டு வாசலில் நிற்பார். சகலை நல்லவர்தான், ஆனால் வாய் சும்மா இருக்காது. "வாங்க வாங்க, மூணாம் நூற்றாண்டு எப்படி இருக்கு?" என்பார். மனைவி ஜன்னலிலிருந்தே கேட்பாள்: "திறந்தாச்சா?"

"இல்ல. இன்னும் ஆய்வு நடக்குது."

"அப்ப நானும் இங்க ஆய்வு பண்ணிட்டிருக்கேன்னு வச்சுக்கங்க."

ஒரு நாள் அவர் ராத்திரிச் சாப்பாட்டுக்குத் தட்டு எடுக்கப் போனவர், பழக்கத்தில் இரண்டு தட்டை எடுத்துவிட்டார். ஒன்றைத் திரும்ப வைக்கும்போது அவருக்கு அழுகை வந்தது. அதைப் பார்த்த காவலாளி, இன்னொரு தட்டு தனக்குத்தான் என்று நினைத்து வாங்கிக்கொண்டான்.

குளியலறையில் தோண்டுதல் தீவிரமாக நடந்தது. தேக்கரண்டியால் தோண்டி, தூரிகையால் பெருக்கி, சல்லடையில் சலித்தார்கள். ஒரு சீப்பின் பல் வந்தது. ஒரு சோப்பு டப்பாவின் மூடி வந்தது. பூட்டுக்காரர் சின்ன வயதில் தொலைத்த கோலிக்குண்டு ஒன்று வந்தது. அதை அவர் ஆசையாகக் கேட்டார், கொடுக்கவில்லை. வேறு எதுவும் வரவில்லை.

அவர் தயங்கித் தயங்கி இயக்குநரிடம் போய் நின்றார். "சார், ஒண்ணும் கிடைக்கலைன்னா மூடிடலாமில்லைங்களா? வீட்ல அவ கோவிச்சுக்கிட்டு..."

இயக்குநர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "இங்கதான் பொதுமக்கள் தப்புப் பண்றீங்க. இங்க கூடினவங்க யாரு? உயிருக்குப் பயந்து ரகசியமா கூடினவங்க. ரகசியமா கூடினவங்க தடயத்தை விட்டுட்டா போவாங்க? சிலுவை கிடைச்சிருந்தா எனக்கே சந்தேகம் வந்திருக்கும். கிடைக்கல. விளக்கு கிடைக்கல. பாத்திரம் கிடைக்கல. இவ்வளவு சுத்தமா ஒண்ணும் கிடைக்காத இடத்தை என் சர்வீஸ்ல நான் பாத்ததே இல்ல. இது ரொம்ப முக்கியமான இடமா இருக்கணும்."

அந்த நேரத்தில்தான், ஏன் என்று தெரியாது, டம்ளர் வைத்த கல் பூட்டுக்காரர் நினைவுக்கு வந்தது.

"சார், அந்த மீனோட தலை இருக்குதுங்க!"

"எங்கே?"

"உங்க ஆபீஸ்லதாங்க. தண்ணிக் குழாய்க்குக் கீழ. அதே கல்லு, அதே உடைசல். ரெண்டையும் ஒட்டி வச்சாப் பொருந்தும்னு நினைக்கறேன்."

வரைகிற பெண் நிமிர்ந்து பார்த்தாள். இயக்குநர் நிமிரவில்லை.

"தண்ணிக் குழாய் கட்டடப் பராமரிப்புப் பிரிவோடது," என்றார். "அங்க இருக்கற கல்லு கட்டடம். இங்க இருக்கற கல்லு தொல்பொருள். ரெண்டும் ஒரே மீன்னா இது கட்டடத்தோட வால் ஆயிடும். ஒரு கட்டடத்தோட வாலை ஆராய்ச்சி பண்ண எனக்கு அதிகாரம் கிடையாது. நீங்க சொன்னதை நானும் கேக்கல."

பூட்டுக்காரர் முதுகு வளைந்தது. கடைக்குப் போனார்.

மறுவாரம் தோண்டுதல் அடி மட்டத்தைத் தொட்டது. மணலுக்குள் வெள்ளையாக ஏதோ தெரிந்தது. இயக்குநரே உள்ளே இறங்கித் தூரிகையால் தட்டினார். அவர் கையில் வந்தது ஒரு எனாமல் கோப்பை. விளிம்பு நீலம், ஒரு பக்கம் சின்னதாக நசுங்கல், நடுவில் தொல்பொருள் துறையின் சின்னம்.

நடையில் நின்றவர்களில் முதலில் சிரித்தது வரைகிற பெண்தான். அடக்கப் பார்த்தாள், முடியவில்லை.

"சார், இது நம்ம கோப்பை. ஒரு குழியைத் தோண்டி முடிச்சு மூடும்போது, அடியில நம்ம காலத்துப் பொருள் ஒண்ணைப் போட்டுத்தானே மூடுவோம்? பின்னால யாராவது தோண்டினா, 'இங்க ஏற்கெனவே வந்துட்டாங்க'ன்னு தெரிஞ்சுக்கணும்னு. நம்ம துறை இந்த இடத்தை முன்னாடியே தோண்டியிருக்கு. ஒண்ணும் கிடைக்கல. ஆபீஸ் கொல்லைல கிடந்த உடைஞ்ச கல்லையும் மண்ணையும் கொட்டி மூடியிருக்காங்க. இவங்கப்பா அதுக்கு மேல குளியலறை கட்டியிருக்காரு. மீன் அந்தக் குப்பையோட வந்தது."

பூட்டுக்காரருக்கு உச்சி குளிர்ந்தது. எல்லாம் தீர்ந்தது என்று நினைத்தார். அவர் நல்ல மனிதர் என்று முதலிலேயே சொன்னேன்.

இயக்குநர் கோப்பையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஒரு பக்கம் உண்மை. அதன் பின்னால் நாணயப் பிரிவும் ஜன்னல் இல்லாத அறைகூட இல்லாத எதிர்காலமும் நின்றன. இன்னொரு பக்கம் அவருடைய அறிவு இருந்தது. அவர் அறிவைத் தேர்ந்தெடுத்தார்.

அடுத்த நாள் வாசலில் நாற்காலிகள் போட்டு, தெருவில் போனவர்களையெல்லாம் உட்கார வைத்து, மைக் பிடித்துப் பேசினார்.

"பெரியோர்களே! அகழாய்வுக்கு ஒரே ஒரு விதிதான் உண்டு. மேலே இருப்பது புதிது, கீழே இருப்பது பழையது. மேலே நமக்குக் கிடைத்தது மூன்றாம் நூற்றாண்டு மீன். அதற்குக் கீழே கிடைத்தது இந்தக் கோப்பை. அப்படியானால் இந்தக் கோப்பை மூன்றாம் நூற்றாண்டுக்கும் முந்தியது. இதில் நம் துறையின் சின்னம் இருக்கிறது. இதிலிருந்து என்ன தெரிகிறது? ஆதிக் கிறிஸ்தவர்கள் இந்த வீட்டுக்கு வருவதற்கு முன்பே நம் துறை இங்கே வந்துவிட்டது! அவர்களை ஆராய்வதற்காக, அவர்கள் வரும்வரை, இந்தக் கோப்பையில் டீ குடித்தபடி நம் முன்னோர்கள் காத்திருந்திருக்கிறார்கள். உண்மை வேறு மாதிரி இருக்கலாம் என்று சிலர் சொல்கிறார்கள். உண்மைக்காக விதியை மாற்ற முடியாது!"

கூட்டத்தில் நல்ல கைத்தட்டல். கடைசி வரிசையில் நின்ற சகலை விசிலே அடித்துவிட்டார். பூட்டுக்காரர் தலையில் கை வைத்துக்கொண்டு படியில் உட்கார்ந்தார்.

"அப்ப குளியலறைங்க?" என்று கீழே இறங்கி வந்த இயக்குநரிடம் கேட்டார்.

"இனிமே அதைக் குளியலறைன்னு சொல்லாதீங்க. துறையோட பூர்வீகம் அது. மூடறதாவது!"

பூட்டுக்காரர் வாழ்க்கை அத்தோடு முடிந்திருக்கும். அவரைக் காப்பாற்றியது நாணயப் பிரிவுதான். பேச்சைக் கேள்விப்பட்ட நாணயப் பிரிவுத் தலைவர், கோப்பை உலோகத்தால் ஆனது, உலோகம் எல்லாம் தன் பிரிவு, ஆகவே கோப்பை இருந்த குழியும் குழி இருந்த அறையும் தனக்கே சேரும், நாளைக் காலையில் வந்து எடுத்துக்கொள்கிறேன் என்று போனில் சொல்லிவிட்டார்.

இயக்குநர் போனை வைத்ததும் முகம் சிவந்து சொன்ன வார்த்தைகளை இங்கே எழுத முடியாது. எழுதக்கூடியது இவ்வளவுதான்: "எனக்கில்லாத குழி அவனுக்கும் வேண்டாம். இப்பவே மூடு! ஆளைக் கூப்பிடு!"

பூட்டுக்காரர் செருப்பைக்கூட மாட்டாமல் ஓடிப் போய்க் குழாய்க்காரரைக் கூட்டி வந்தார். குழாய்க்காரர் குழியைப் பார்த்தார், இயக்குநரைப் பார்த்தார், பூட்டுக்காரரைப் பார்த்தார். "முதல்லயே சொன்னேன்ல அண்ணே" என்று மட்டும் சொல்லிவிட்டு, யாரையும் கேட்காமல் பழைய குழாயைப் பிடுங்கிப் புதுக் குழாயைப் போட்டார். மண்ணைத் தள்ளப் போகும்போது இயக்குநர் கையைத் தூக்கினார்.

"நில்லு. மூடறதுக்கு முன்னால நம்ம காலத்துப் பொருள் ஒண்ணைப் போடணும். துறைச் சின்னம் உள்ளதா இருக்கணும்."

எல்லாரும் தேடினார்கள். எனாமல் கோப்பைகள் அலுவலகத்தில் ஒழிந்துபோய்விட்டன. இப்போது காகிதக் கோப்பைதான், அதில் சின்னம் கிடையாது. கிடைத்த கோப்பையை ஏற்கெனவே கண்ணாடிப் பெட்டியில் வைத்தாயிற்று. இயக்குநர் சட்டைப்பையைத் துழாவினார். பித்தளை வில்லை பளபளத்தது.

"இது!" என்றார். "பூட்டும் திறப்பும். நம்ம காலத்துக்கு இதை விட நல்ல அடையாளம் வேணுமா?"

"சார்," என்றார் பூட்டுக்காரர். "அது வந்து..."

"உஷ். ஒரு நிமிஷம் மௌனம்."

மௌனத்தில் சாவிகள் விழுந்த சத்தம் கேட்டது. மண் விழுந்தது, கலவை விழுந்தது, ஓடு பதிந்தது. வரைகிற பெண்ணுக்கு எல்லாம் புரிந்துவிட்டது. அவள் புறங்கையால் வாயைப் பொத்திக்கொண்டு தெருவுக்குப் போய்விட்டாள். பொருட்களின் எண்களைப் பிய்த்தார்கள், கயிற்றைச் சுருட்டினார்கள். கடைசியாக வெளியே வந்த காவலாளி, தினமும் செய்கிற மாதிரியே கதவைச் சாத்திப் பூட்டை அழுத்தினான். க்ளிக் என்றது.

பூச்சு காய்ந்து, குளிக்கலாம் என்று குழாய்க்காரர் சொன்ன காலையில் மனைவி பையோடு வந்தாள். வாசலிலேயே புதுத் துண்டும் சோப்புமாக நின்றாள். அவள் முகத்தில் ரொம்ப நாளைக்குப் பிறகு கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

"பரவாயில்லையே. எப்படியோ சாதிச்சுட்டீங்களே!"

பூட்டுக்காரர் முன்னால் நடந்தார். குளியலறைக் கதவில் பூட்டு தொங்கியது. அவர் விஷயத்தைச் சொன்னார். "நாளைக்கு ஆபீஸ்ல போய்க் கேட்டுப் பாக்கறேன்" என்று முடித்தார்.

மனைவி கத்துவாள் என்று எதிர்பார்த்தார். அவள் கத்தவில்லை. மெதுவாக, குழந்தைக்குக் கணக்குச் சொல்லிக்கொடுக்கிற மாதிரி கேட்டாள்.

"சாவி எங்க இருக்கு?"

"தரைக்கு அடியில."

"எடுக்கணும்னா?"

"தோண்டணும்."

"தோண்டணும்னா?"

"கதவைத் திறக்கணும்."

"கதவைத் திறக்கணும்னா?"

பூட்டுக்காரர் தலையைக் குனிந்துகொண்டார். மனைவி தலையிலிருந்து கொண்டை ஊசி ஒன்றை உருவினாள். முடி அவிழ்ந்து தோளில் விழுந்தது.

"இது யார் கதவு?"

"நம்ம கதவுதான்."

"கதவுக்கு உரியவங்க பக்கத்துல நின்னு வாயால சொல்லணும், அதானே உங்க விதி? பக்கத்துல நிக்கறேன்." ஊசியை அவர் உள்ளங்கையில் வைத்தாள். "திறங்க."

இத்தனை வருடத்தில் யார் யாரோ அவரிடம் சொன்ன வார்த்தைதான். இவள் சொல்லி அவர் கேட்பது இதுதான் முதல் தடவை. கை நடுங்கவில்லை. ஊசியை வளைத்து உள்ளே விட்டு, ஒரு தடவை அசைத்தார். தான் விற்றதிலேயே உறுதியான அந்தப் பூட்டு, சொன்ன பேச்சுக் கேட்கிற பிள்ளையாகக் கையில் வந்து விழுந்தது. மனைவி உள்ளே போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டாள். அவர் பூட்டைத் தரையில் போட்டுவிட்டு, கதவுக்கு வெளியே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

உள்ளே தண்ணீர் விழுந்து, தேங்காமல் ஓடிப் போகிற சத்தம் கேட்டது. அதைக் கேட்டுக்கொண்டு அவர் எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் இருந்திருப்பார். ஆனால் காவலாளி வந்துவிட்டான். தோண்டுதல் முடிந்தாலும் அவனுடைய காவல் உத்தரவை ரத்து செய்ய யாருக்கும் தோன்றவில்லை, அவனும் கேட்கவில்லை. தரையில் கிடந்த பூட்டைப் பார்த்து அவன் கண் விரிந்தது.

"யாரைக் கேட்டுத் திறந்தீங்க?"

பூட்டுக்காரர் எழுந்து நின்றார். எழும்போது வழக்கமாக வளைகிற முதுகு, என்ன காரணத்தாலோ, வளைய மறந்துவிட்டது.

"வீட்டுக்காரியைக் கேட்டு."

"இது துறை பூட்டின கதவு. உள்ள யாரு?"

தண்ணீர்ச் சத்தம் நின்றது. கதவுக்குப் பின்னாலிருந்து மனைவியின் குரல், குளிர்ந்த தண்ணீரில் நனைந்து தெம்பாக வந்தது.

"பிற்காலக் குடியிருப்பாளர் குளிச்சுட்டிருக்காங்க. முடிச்சுட்டு வர்றாங்க, உங்க இயக்குநரை உக்காரச் சொல்லு!"

அதற்கப்புறம் வாளியில் குவளை முங்குகிற சத்தம்.